ஒரு பானையில் மட்டும் கலக்கட்டும்

இரண்டு நாட்டுச் சமையலைக் கலப்பது என்றாலே உணவகக்காரர்கள் சிலருக்குக் கை நீண்டுவிடுகிறது. சூஷியின் மேல் குங்குமப்பூ, மிசோ சூப்பில் ரோஜாப் பன்னீர். படம் எடுக்க நன்றாகத்தான் இருக்கும். இரண்டாவது வாய் இறங்காது. ஜப்பானையும் ஈரானையும் ஒரே மதியச் சாப்பாட்டில் உட்கார வைக்க வழி வேறு. இரண்டு ஊர்க்காரர்களும் ஒரே காலத்தில், ஒரே தேவைக்காக ஏற்கெனவே என்ன சாப்பிடுகிறார்கள் என்று பார்த்து, அங்கே கைவைக்க வேண்டும்.

அந்த இடம் டிசம்பர் 21-ஐ ஒட்டி வருகிறது, ஆண்டின் மிக நீண்ட இரவு. ஈரானில் அது யல்தா. குடும்பம் கூடி மாதுளை, தர்பூசணி, கொட்டைப்பருப்பு வகைகளைத் தின்றபடி ஹாஃபிஸின் கவிதைகளைப் புரட்டி விழித்திருக்கும். ஈரான், ஆப்கானிஸ்தான் இரண்டின் பெயரிலும் இந்த இரவு 2022-இல் யுனெஸ்கோவின் மரபுப் பட்டியலில் ஏறியது. ஜப்பானில் அதே சமயம் தோஜி: யூசு பழங்கள் மிதக்கும் வெந்நீரில் குளியல், பிறகு கபோச்சா பூசணி. தர்பூசணி, கபோச்சா இரண்டுமே கோடையில் விளைந்தவை. குளிருக்கென்று பத்திரப்படுத்தியதைத்தான் அன்று வெட்டுகிறார்கள். சாப்பாட்டின் பாதி இங்கேயே முடிவாகிவிடுகிறது.

மீதிப் பாதி ஃபெசன்ஜான். காஸ்பியன் கடலோரக் கீலான் பகுதியின் பெருமைமிக்க குழம்பு.

வால்நட் பருப்பை நைசாக அரைத்துத் தண்ணீரில் கரைத்துச் சிறு தீயில் வைக்க வேண்டும். அடிபிடிக்கும், கரண்டி ஓயக் கூடாது. எண்ணெய் பிரிந்து வருவதற்காக ஈரானியச் சமையற்காரர்கள் நடுநடுவே பனிக்கட்டி ஒன்றிரண்டு போடுவதுண்டு. ஒரு மணி நேரம் தாண்டும்போது வெளிறிக் கிடந்த குழம்பு பழுப்பேறி, ஓரமெல்லாம் எண்ணெய் மினுங்கும். அப்போது மாதுளைச் சாற்றைச் சுண்டக் காய்ச்சிய பாகை ஊற்றினால் நிறம் காப்பிக்கொட்டைக்குப் போய்விடும். வழக்கமாகக் கோழியோ வாத்தோ சேரும். தோஜி நாளுக்குக் கபோச்சாவே போதும். ஈரானிலேயே பூசணி சேர்க்கும் வீடுகள் உண்டு. தோலோடு பெரிய துண்டுகளாகப் போடலாம். நம்மூர் மஞ்சள் பூசணியைவிட அதில் நீர் குறைவு, மாவு அதிகம். பதமாக வெந்தால் கரையாமல் நிற்கும்.

ஜப்பானின் சுவை நுழைவது கடைசி நிமிடத்தில்தான்: உப்புக்குப் பதில் மிசோ. அடுப்பை அணைத்த பிறகு, ஒரு கரண்டி குழம்பில் அதைக் கரைத்து ஊற்ற வேண்டும். கொதித்தால் வாசம் பறந்துவிடும். வால்நட்டின் கொழுப்பையும் மாதுளையின் புளிப்பையும் அந்தப் புளித்த சோயா உப்பு ஒட்டவைத்துவிடுகிறது. இது யாரோ திடீரென்று கண்டுபிடித்த ஜோடியும் அல்ல. நாகானோ மலைப்பகுதியில் சோற்றைப் பிசைந்து குச்சியில் பிடித்துச் சுடும் கோஹெய் மோச்சிக்கு வால்நட்டும் மிசோவும் சேர்த்து அரைத்துப் பூசுகிறார்கள்.

சோறு மட்டும் ஈரான் பாணியில்தான் வேண்டும். ஒட்டும் ஜப்பானியச் சோற்றில் இந்தக் கெட்டிக் குழம்பை ஊற்றினால் களியாகிவிடும். நீள அரிசியை ஊறவைத்து, அரைவேக்காட்டில் வடித்து, மூடியைத் துணியால் சுற்றித் தம் போட்டால் மணிமணியாக வரும். அடியில் தஹ்தீக் என்ற மொறுமொறு பொருக்கு உருவாகும். அதற்குத்தான் பந்தியில் சண்டையே. வேடிக்கை என்னவென்றால், இந்தச் சோற்றுப் பானைக்குள்ளும் ஜப்பான் எப்போதோ நுழைந்துவிட்டது. தானாக அணையும் மின்சார ரைஸ் குக்கரை 1955-இல் விற்பனைக்குக் கொண்டுவந்தது தோஷிபா. ஈரானியப் புரட்சிக்கு முன்பே கீலானின் தலைநகர் ரஷ்த்தில் 'பார்ஸ் தோஷிபா' என்ற பெயரில் குக்கர் ஆலை இயங்கியது. இன்று அது பார்ஸ் கசார். அடியில் பொருக்கு பிடிப்பதற்கென்றே தயாரான குக்கர்கள் ஈரானிய வீடுகளில் சாதாரணம்.

தொட்டுக்கொள்ள முள்ளங்கி ஊறுகாய், பக்கத்தில் தெளிந்த தாஷி சூப். தாஷியைச் சோற்றுப் பக்கம் விடாமல் கிண்ணத்தோடு நிறுத்துவது நல்லது. அதிலுள்ள உலர்மீனின் புகைமணம் சோற்றில் சேரும் குங்குமப்பூவை அமுக்கிவிடும். கலப்பு ஒரு பானையில் நடந்தால் போதும், மற்றவை அவரவர் ஊர்ப்படியே இருக்கட்டும்.

தமிழ்நாட்டுச் சமையலறையில் செய்து பார்க்க நினைப்பவர்கள் மிசோ கிடைக்கவில்லையே என்று சோயா சாஸை ஊற்ற வேண்டாம். உப்பைப் போட்டு, வெறும் ஃபெசன்ஜானாகவே இறக்கிவிடுங்கள்.