பீர்க்காரர் சிலையும் தண்ணீர்க்காரர் சிலையும்



தை இதழ் அச்சுக்குப் போகிற வாரம் எங்கள் அலுவலகத்தில் வருஷா வருஷம் ஒரே கூத்துதான். அட்டையில் பொங்கல் பானையா, பெரியாறு அணை கட்டிய பென்னிகுவிக்கா என்று ஆளுக்கொரு பக்கம் இழுப்போம். இந்தத் தடவை அந்தப் பஞ்சாயத்து நடந்துகொண்டிருந்தபோதே கைப்பேசி கிணுகிணுத்தது. அக்கா மகன். இங்கிலாந்தில் டெர்பி என்ற ஊரில் வேலை பார்க்கிறான். ஒரு படம் அனுப்பியிருந்தான். நீளக் கோட்டுப் போட்ட பெரியவர் ஒருவரின் வெண்கலச் சிலை, தலையில் ஒரு புறா. கீழே எழுதியிருந்தான்: ‘மாமா, இவர் யார் தெரியுமா? பீர் கம்பெனி முதலாளி. நம்ம ஊர்ல இப்படி ஒருத்தருக்குச் சிலை வச்சா விடுவாங்களா?’

விடமாட்டார்கள் என்று பதில் போட்டுவிட்டு வேலையைப் பார்க்கப் போனேன். முடியவில்லை. அந்தச் சிலைக்காரர் யாரென்று தேடி ஒன்றைப் படிக்க, அது இன்னொன்றில் கொண்டுபோய் விட, அட்டைப்பட வழக்கை மற்றவர்களிடம் தள்ளிவிட்டு இரண்டு நாள் அந்தக் கிழவரோடேயே கிடந்தேன். அதனால் இந்த மாதம் இந்தப் பக்கத்தில் கரும்பு, மஞ்சள் கொத்து பற்றி ஒன்றும் இருக்காது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

பெரியவர் பெயர் மைக்கேல் தாமஸ் பாஸ். டெர்பிக்குப் பக்கத்தில் பர்ட்டன் என்றொரு ஊர். இவருடைய தாத்தா வில்லியம் பாஸ் அங்கே வண்டியில் சரக்கு ஏற்றிப் பிழைத்தவர். 1777ல் அதை விட்டுவிட்டு பீர் காய்ச்ச ஆரம்பித்தார். பேரன் காலத்தில், 1870களின் கடைசியில், ஆண்டுக்குப் பத்து லட்சம் பீப்பாய் வெளியே போகிற அளவுக்குக் கம்பெனி வளர்ந்துவிட்டது. லண்டனில் செயின்ட் பான்க்ராஸ் ரயில் நிலையத்தைக் கட்டியபோது, அடித்தளத்தில் தூணுக்கும் தூணுக்கும் எவ்வளவு இடைவெளி விடுவது என்பதைப் பர்ட்டன் பீர்ப் பீப்பாயை வைத்துத்தான் கணக்குப் போட்டார்கள். பாட்டிலில் ஒட்டிய சிவப்பு முக்கோணம் 1876ல் பிரிட்டனின் முதலாம் எண் வர்த்தக முத்திரையாகப் பதிவானது. பிரெஞ்சு ஓவியர் மானே 1882ல் வரைந்த மதுக்கூட ஓவியத்திலும் ஓரமாக அந்த முக்கோணப் பாட்டில் நிற்கிறது. பீர் குடிக்காதவர்களும் அதைப் பார்த்திருப்பார்கள்.

என்னை இழுத்துப் பிடித்தது இந்தச் செல்வாக்கு இல்லை. அதற்கு அடியில் இருந்த தண்ணீர். பர்ட்டன் கிணறுகளின் தண்ணீர் ஜிப்சம் படிவத்தின் ஊடாக ஊறி வருகிறது. நல்ல கடினத் தண்ணீர். நம் வீடுகளில் ‘இதில் பருப்பு வேகாது’ என்று ஒதுக்கிவைக்கிற ரகம். சோற்றுக்கு ஆகாத அந்தத் தண்ணீர், வெளிர் நிற பீருக்கு மட்டும் அமிர்தமாக அமைந்துவிட்டது. ஹாப் என்ற பூவின் கசப்பைத் தூக்கிக் காட்டும், பீரைத் தெளிவாகவும் வைக்கும். பிற்பாடு மற்ற ஊர்க்காரர்கள் தங்கள் தண்ணீரில் ஜிப்சத்தைக் கரைத்துப் பர்ட்டன் தண்ணீர்போல ஆக்கிக்கொண்டார்கள். அந்த வேலைக்கே ஊர்ப் பெயரைச் சொல்லி ‘பர்ட்டனாக்கம்’ என்று பெயர். ஒரு பள்ளத்தாக்கின் தலையெழுத்தைத் தண்ணீர் எழுதுவது கம்பம் பள்ளத்தாக்குக்காரர்களான நமக்குப் புதிதா என்ன?

அந்த பீர் எங்கே போனது என்பதுதான் அடுத்த வேடிக்கை. நம்மிடம்தான் வந்தது. பால்டிக் பக்கத்துச் சந்தை படுத்துவிட்டதால் பர்ட்டன்காரர்கள் கையைப் பிசைந்துகொண்டிருந்த நேரம், 1822 வாக்கில், இந்தியாவுக்கு அனுப்பும்படியாக ஒரு பீர் காய்ச்சச் சொல்லிக் கிழக்கிந்தியக் கம்பெனி இயக்குநர் ஒருவர் அவ்வூர் பீர்க்காரர் ஆல்சாப்பிடம் கேட்டிருக்கிறார். மாதிரிக்கு முதலில் ஒரு தேநீர்க் கெண்டியில் காய்ச்சிப் பார்த்தார்கள் என்று ஒரு கதை உண்டு. ஆல்சாப் பின்னாலேயே பாஸ் கம்பெனியும் வந்துவிட்டது. நன்னம்பிக்கை முனையைச் சுற்றி மாதக்கணக்கில் கப்பலில் ஆடி அசைந்து, கல்கத்தாவிலும் பம்பாயிலும் சென்னையிலும் பீப்பாய்கள் இறங்கின. வெக்கையில் வெந்துகொண்டிருந்த வெள்ளைக்கார அதிகாரிகளும் சிப்பாய்களும் குடித்த காசில் ஒரு பங்கு பாஸ் வீட்டுப் பெட்டிக்குப் போய்ச் சேர்ந்தது. டெர்பிச் சிலையின் வெண்கலத்தில் நம் வெயிலுக்கும் ஒரு பங்கு இருக்கிறது என்பேன்.

பாஸ் வெறும் கல்லாப்பெட்டி ஆள் இல்லை. 1848 முதல் 1883 வரை டெர்பியின் நாடாளுமன்ற உறுப்பினர். ஊருக்கு நூலகமும் அருங்காட்சியகமும் கட்டிக் கொடுத்தார். பிள்ளைகள் விளையாட மைதானம் விட்டார். ராப்பகலாக உழைத்த ரயில்வே ஊழியர்கள் சங்கம் வைக்கத் துணை நின்றார். பிரபுப் பட்டம் வேண்டாம் என்று மறுத்தார். எனக்கு அவரிடம் ஒரே ஒரு மனத்தாங்கல். தெருவில் வாத்தியம் வாசித்துப் பிழைத்தவர்களை விரட்ட 1864ல் சட்டம் கொண்டுவந்தவரும் இவர்தான். வீட்டுக்காரர் ‘போ’ என்றால் போய்விட வேண்டும். சித்திரையில் வீரபாண்டித் திருவிழாவுக்கு வந்திருந்தால் மனிதர் என்ன பாடு பட்டிருப்பாரோ!

1884ல் அவர் இறந்து வெகுநாள் ஆவதற்குள் டெர்பி சந்தைத் திடலில் சிலை எழுந்துவிட்டது. இப்போது அவர் கட்டிக் கொடுத்த அருங்காட்சியகத்தின் பக்கமாக இடம் மாறி நிற்கிறது. செய்தவர் ஜோசப் எட்கர் போயெம், வியன்னாவில் பிறந்து விக்டோரியா ராணிக்கு வேண்டிய சிற்பியானவர். இந்தப் பெயரைப் படித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். சென்னைப் பல்கலைக்கழக செனட் மாளிகைப் பக்கம், கல் மண்டபத்துக்குள் விக்டோரியா ராணி வெண்கலத்தில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். 1887ல் பொன்விழாவுக்காக விசாகப்பட்டினத்து கோடே நாராயண கஜபதி ராவ் அளித்த சிலை. அதுவும் இதே போயெம் கைவண்ணம். பீர் வியாபாரிக்கும் பேரரசிக்கும் ஒரே கொல்லன்பட்டறை! கல்லூரி நாளில் அந்த மண்டப நிழலில் உட்கார்ந்து எத்தனை முறை வேர்க்கடலை தின்றிருக்கிறேன். ஒரு நாளும் செய்தது யார் என்று கேட்கத் தோன்றவில்லை.

அந்தக் காலத்தில் சிலை என்பதும் பீர் போலத்தான், கப்பலில் வந்து இறங்குகிற சரக்கு. சென்னை ஆளுநராக இருந்த மன்றோ குதிரையோடு வந்தார். லண்டனில் சாண்ட்ரி வடித்தது. படைத்தளபதி நீல் வாளோடு வந்தார். அவரை வடித்தவர் மேத்யூ நோபிள். 1857ல் நம் ஆட்களைக் கொன்று குவித்தவருக்கு மவுண்ட் ரோட்டில் சிலையா என்று 1927ல் இளைஞர்கள் போராட்டம் நடத்திச் சிறைக்குப் போனார்கள். 1937ல் அது அருங்காட்சியகத்துக்குள் போனது. மன்றோ இன்றும் தீவுத்திடலில் வெயில் காய்கிறார், யாரும் கை வைக்கவில்லை. ஜனங்களுக்கு ஆள் பார்க்கத் தெரியும்.

இப்போது நம் ஆளிடம் வருகிறேன். ஜான் பென்னிகுவிக் 1841 ஜனவரி 15 அன்று பூனாவில் பிறந்தவர். எட்டு வயது நிறையும் முன்பே, சில்லியன்வாலா போரில் அப்பாவையும் அண்ணனையும் ஒரே நாளில் இழந்த பிள்ளை. மேற்கே ஓடிக் கடலில் விழும் பெரியாற்றை மறித்து, மலையைக் குடைந்து, தண்ணீரைக் கிழக்கே திருப்பும் யோசனை அவருக்கு முந்தியது. 18ஆம் நூற்றாண்டுக் கடைசியிலேயே ராமநாதபுரம் சேதுபதியின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை ஆள் அனுப்பிப் பார்த்து, பணத்துக்கு வழியில்லாமல் கைவிட்டது. 1876ன் தாது வருஷப் பஞ்சம் வந்து லட்சக்கணக்கில் உயிர்களை வாரிக்கொண்டு போன பிறகுதான் அரசாங்கத்துக்கு உறைத்தது. 1886ல் திருவிதாங்கூரோடு 999 ஆண்டுக் குத்தகை; 1887ல் வேலை தொடக்கம்; வெள்ளம் அடித்துக்கொண்டு போனதைத் திரும்பத் திரும்பக் கட்டி, சுண்ணாம்பும் சுர்க்கியுமாகக் குழைத்து 155 அடி உயரத்துக்கு எழுப்பிய அணையை 1895 அக்டோபரில் ஆளுநர் வென்லாக் திறந்துவைத்தார்.

சொத்தை விற்று, மனைவி நகையை அடகு வைத்து அணை கட்டினார் என்று நம் பக்கத்தில் சொல்லாத வீடு இல்லை. உண்மையில் அணை எழுந்தது மதராஸ் அரசாங்கத்தின் பணத்தில். இதை எழுதினால் எத்தனை கடிதம் வரும் என்று தெரிந்தேதான் எழுதுகிறேன். ஆனால் அந்தக் கதையை நான் பொய் என்று தள்ளமாட்டேன். டெர்பிக்காரர்கள் வெண்கலத்தில் செய்ததை நம் ஆட்கள் வாய்ச்சொல்லில் செய்திருக்கிறார்கள். சிற்பிக்குக் கொடுக்கக் காசில்லாத ஊர், தனக்குப் பெரிதாகப் படுகிற தியாகத்தை, நகையையும் நிலத்தையும், அவர் மேல் சாத்தி அழகு பார்த்தது.

அவர் 1911 மார்ச்சில் இங்கிலாந்தின் கேம்பர்லியில் கண்மூடினார். அதே 1911ல்தான் பர்ட்டன் ஊரில் பாஸின் மகன் பர்ட்டன் பிரபுவுக்கும் சிலை திறந்தார்கள். அப்பா வேண்டாம் என்ற பட்டத்தை மகன் வாங்கிக்கொண்டார். தலைமுறைக்கு ஒரு சிலை! நம் பென்னிகுவிக் லோயர் கேம்ப்பில் மணிமண்டபம் ஏற 2013 ஜனவரி 15 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நூற்றிரண்டு ஆண்டுகள். அதற்குள் பூஜையறைகளில், முருகனுக்கும் மீனாட்சிக்கும் பக்கத்தில், மீசை வைத்த தொரை சட்டத்துக்குள் ஏறி உட்கார்ந்துவிட்டார். பாலார்பட்டிக்காரர்கள் அவருக்காகவே பொங்கல் வைக்கிறார்கள். தேனியில் பஸ் ஏறுவதே அவர் பெயரிட்ட நிலையத்தில்தான்.

போன மாதம் ஒரு வேலையாகக் கூடலூர் வரை போனவன் அப்படியே லோயர் கேம்ப் போய்வந்தேன். இரைச்சல் பாலத்துக்கு அந்தப் பெயர் ஏன் என்று அங்கே நின்றால் யாரும் சொல்ல வேண்டியதில்லை. மலையிலிருந்து இறங்கும் ராட்சதக் குழாய்கள் மின்நிலையத்துக்குள் நுழைகின்றன. அங்கிருந்து வெளியே வருகிற தண்ணீர்தான் பழனிசெட்டிபட்டி வரை 14,707 ஏக்கரில் இருபோகம் விளைவித்து, வைகை அணையில் சேர்ந்து, ராமநாதபுரம் வரை போகிறது. மணிமண்டபத்தில் எனக்கு முன்னால் ஒரு பாட்டி. செருப்பைப் படிக்கட்டுக்கு நாலடி முன்பே கழற்றிவிட்டார். முந்தானை முடிச்சை அவிழ்த்து நாலைந்து நெற்கதிர்களை எடுத்து, சிலையின் காலடியில் வைத்துவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். ‘எந்த ஊரு ஆத்தா?’ என்றேன். ‘உத்தமபாளையம் பக்கம்ப்பா. அறுப்பு முடிஞ்சிருச்சு, அதான் கொண்டாந்தேன்’ என்றார், வட்டி கட்ட வந்தவர்போல சாதாரணமாக. டெர்பியில் யாரும் பாஸ் காலடியில் பார்லிக் கதிரை வைப்பதாக என் மருமகன் சொல்லவில்லை.

மேலே, அணைக்கு வடக்கே, கட்டும்போது காய்ச்சலிலும் காலராவிலும் போனவர்களைப் புதைத்த இடம் இருக்கிறது. நோயில் மட்டும் 483 பேர் என்கின்றன அணை பற்றிய குறிப்புகள். கல் சுமந்தவர்கள், சுண்ணாம்பு குழைத்தவர்கள். வெண்கலத்தில் நிறுத்த அவர்கள் யாருடைய முகமும் நம்மிடம் இல்லை. முத்திருளப்ப பிள்ளை பெயரைக் கேட்டால்கூட, கம்பத்தில் எத்தனை பேர் கை தூக்குவார்கள்? அவரைப் பற்றித் தெரிந்த பெரியவர்கள் இருந்தால் எழுதுங்கள். அடுத்த இதழில் இடம் ஒதுக்கி வைக்கிறேன். உங்கள் வீட்டுப் பூஜையறையில் இருக்கும் பென்னிகுவிக் படத்தையும் ஒரு புகைப்படம் எடுத்து அனுப்புங்கள். அட்டைப்படச் சண்டைக்கு அதுதான் தீர்ப்பு என்று முடிவாகிவிட்டது.

மருமகனுக்கு இதையெல்லாம் போனில் சொன்னபோது இன்னொன்றும் சொன்னேன். 2022ல் தமிழ்நாடு அரசு கேம்பர்லியிலேயே பென்னிகுவிக்குச் சிலை வைத்தது. மன்றோவும் நீலும் ராணியும் கடல் தாண்டி நம்மிடம் வந்து இறங்கினார்கள். வெள்ளைக்காரன் ஊரிலேயே ஒரு வெள்ளைக்காரனுக்கு நாம் போய்ச் சிலை வைத்துவிட்டு வந்திருக்கிறோம். ‘அட!’ என்றான். பக்கத்து ஊர் ஃபிரிம்லியில் தேவாலயத் தோட்டத்தில்தான் அவர் கல்லறையும் இருக்கிறது. வருகிற ஞாயிற்றுக்கிழமை காரை எடுத்துக்கொண்டு போவதாகச் சொல்லியிருக்கிறான்.

‘என்ன மாமா கொண்டுபோறது? பூவா?’

‘பூ அங்கே யார் வேண்டுமானாலும் வைப்பார்கள். வீட்டில் பொங்கலுக்கு வைத்த நம்மூர் அரிசி இருந்தால் ஒரு கைப்பிடி எடுத்துப் போ’ என்றேன்.

உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்தான். பாஸ்மதிதான் இருக்கிறதாம்.

அன்புடன்,
ஆசிரியர்