மலை மேல் தடை, மலையடியில் சந்தை

2022 ஜூன் 1 முதல் திருமலையில் பிளாஸ்டிக் முற்றாகத் தடை செய்யப்பட்டுள்ளது. அலிபிரிச் சோதனைச் சாவடியிலேயே தண்ணீர் பாட்டில்கள் பறிமுதல் செய்யப்படுகின்றன. மலை மேல் கண்ணாடிப் பாட்டிலில் தண்ணீர் விற்கிறார்கள். காலிப் பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் முன்பணம் திரும்பக் கிடைக்கும். ‘ஜலப் பிரசாதம்’ என்ற பெயரில் இலவசக் குடிநீர் நிலையங்களும் இயங்குகின்றன. நல்ல ஏற்பாடுதான், இதில் குறை காண நமக்கு ஒன்றுமில்லை. ஆனால் இந்தத் தடை எதனால் நிற்கிறது? யாத்திரிகர்களுக்குத் திடீரென்று சுற்றுச்சூழல் ஞானோதயம் பிறந்துவிட்டதாலா? பாபவிநாசம், கோகர்ப்பம் முதலான அணைகளின் நீர் பொது ஏற்பாட்டின் வழியே குழாய்க்கு வந்து சேர்கிறது. அதனால் பாட்டில் தேவையற்றதாகிவிட்டது.

அதே பழைய சித்தூர் மாவட்டத்தில்தான் வெதுருகுப்பம் மண்டலமும் இருக்கிறது. ‘வெதுரு’ என்றால் தெலுங்கில் மூங்கில்; ‘குப்பம்’ நம் சொல். இரு மொழியும் கலந்து புழங்கும் இந்த வறட்சிப் பகுதியின் கிராமங்கள் ஆழ்துளைக் கிணற்றை நம்பி வாழ்பவை. நிலத்தடி நீர் கீழே போகப் போக, குடிநீர் என்பது கேனிலும் பாட்டிலிலும் விலைக்கு வரும் சரக்காகிவிட்டது. மலை மேல் சாமி கும்பிடப் போகிறவருக்குக் கிடைக்கும் இலவசத் தண்ணீர், மலையடி மாவட்டத்தின் மாந்தோப்பில் கூலி வேலை செய்பவருக்கு ஏன் உறுதியாகவில்லை?

ஆட்சியாளர்கள் இதற்குச் சொன்ன பதில்களைப் பாருங்கள். 2014இல் சந்திரபாபு நாயுடு அரசு ‘என்.டி.ஆர். சுஜலா’ திட்டத்தைக் கொண்டுவந்தது: 20 லிட்டர் 2 ரூபாய், நன்கொடையாளர்கள், கார்ப்பரேட் நிறுவனங்களின் தயவில். அதற்கு ஓராண்டு முன்பு, 2013 செப்டம்பரில், தமிழ்நாட்டில் ஜெயலலிதா அரசு ‘அம்மா குடிநீர்’ பாட்டிலை 10 ரூபாய்க்கு விற்கத் தொடங்கியது. தண்ணீரை உரிமையாக வழங்க வேண்டிய அரசே மலிவு விலைக் கடை திறந்து உட்கார்ந்தால், முழு விலைக் கடைக்காரனுக்குக் கொண்டாட்டம்தானே! ஒன்றிய அரசின் ஜல் ஜீவன் திட்டம் 2024க்குள் வீடுதோறும் குழாய் என்றது. இப்போது கெடு 2028க்குத் தள்ளிப் போடப்பட்டுள்ளது.

பாட்டில் தண்ணீர்த் தொழிலின் கணக்கு மிக எளியது. மூலப்பொருளான நிலத்தடி நீருக்குக் கம்பெனி கொடுப்பது சொற்பம். 1882ஆம் ஆண்டின் வெள்ளைக்காரன் காலத்து ஈஸ்மெண்ட் சட்டப்படி, நிலம் யாருடையதோ அதன் அடியில் உள்ள நீரும் அவருடையது. ஆந்திராவில் 2002இல் வந்த ‘வால்டா’ சட்டம் கிணறு தோண்டுவதற்குக் கட்டுப்பாடு விதித்தது. ஆனால் அந்த உரிமையின் அடித்தளம் அசையவில்லை. பாட்டிலுக்கான பிளாஸ்டிக்கோ பெட்ரோலிய ரசாயனத்திலிருந்து வருகிறது. ஆக, ஊரின் நீரும் எண்ணெய் முதலாளியின் சரக்கும் சேர்ந்து லாபமாகின்றன. காலிப் பாட்டில் மட்டும் ஊராட்சியின் தலையில் விழுகிறது. அது மக்கி மறைவதில்லை, நுண்துகளாக நொறுங்குகிறது. கொலம்பியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2024 ஜனவரியில் வெளியிட்ட ஆய்வில், ஒரு லிட்டர் பாட்டில் தண்ணீரில் சராசரியாக 2 லட்சத்து 40 ஆயிரம் பிளாஸ்டிக் துகள்கள் காணப்பட்டன. காசு கொடுத்து வாங்கும் ‘சுத்தம்’ இதுதான்.

2022 ஜூலை 1 முதல் ஒன்றிய அரசு ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்கைத் தடை செய்ததாகப் பெருமை அடித்துக்கொண்டது. அந்தப் பட்டியலில் உறிஞ்சுகுழல் இருந்தது, காது குடையும் குச்சி இருந்தது, தட்டும் கரண்டியும் இருந்தன. தண்ணீர் பாட்டில் இல்லை! தமிழ்நாட்டு அரசு 2019 ஜனவரி 1 முதல் தடை செய்த 14 பொருள்களிலும் ஏழையின் தண்ணீர்ப் பாக்கெட் உண்டு, பாட்டில் கிடையாது. சிறு பட்டறைக்காரர் மீது பாயும் சட்டம் பெரும் நிறுவனத்தின் வாசலில் வாலைச் சுருட்டிக்கொள்கிறது.

வரியிலும் அதே கதை. பழைய பிளாஸ்டிக் மீதான ஜி.எஸ்.டி. 2021 அக்டோபரில் 5 சதவீதத்திலிருந்து 18 ஆக உயர்த்தப்பட்டது. பாட்டில் தண்ணீர் மீதான வரியோ 2025 செப்டம்பரில் 18இலிருந்து 5 ஆகக் குறைந்தது. குப்பை பொறுக்கும் பெண்ணின் மூட்டைக்கு ஒரு நீதி, கம்பெனியின் பெட்டிக்கு ஒரு நீதி. பாட்டிலைக் கண்ட இடத்தில் எறியும் மக்கள்தான் குற்றவாளிகள் என்று போதிப்பவர்கள் இந்த இரண்டு எண்களுக்குப் பதில் சொல்லட்டும். உலக அரங்கிலும் நிலை வேறில்லை. பிளாஸ்டிக் உற்பத்திக்கே வரம்பு கட்டும் யோசனையை பூசான் பேச்சுவார்த்தையில் மோடி அரசு எதிர்த்தது. 2025 ஆகஸ்டில் ஜெனீவாப் பேச்சுவார்த்தையும் உடன்பாடின்றிக் கலைந்தது.

மாற்று இல்லையா? சிக்கிம் அரசு 2022 ஜனவரி முதல் பாட்டில் தண்ணீரைத் தடை செய்தது. நீலகிரியில் 2022 மே மாதம் முதல் டாஸ்மாக் பாட்டிலுக்கு 10 ரூபாய் கூடுதலாக வாங்கி, காலிப் பாட்டிலைக் கொடுத்தால் திருப்பித் தருகிறார்கள். சாராய பாட்டிலைத் திரும்பப் பெற முடிகிற அரசால் தண்ணீர் பாட்டிலைப் பெற முடியாதாம்! பிளாச்சிமடாவின் ஆதிவாசி மக்கள் 2002இல் தொடங்கிய போராட்டம் 2004இல் கோக கோலா ஆலையை மூட வைத்தது என்பதையும் தோழர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

கடைசியாக, நம் வீட்டுக் குறை ஒன்று. தண்ணீர் தனியார்மயத்தை எதிர்த்துத் தீர்மானம் வாசிக்கும் மேடையில், தலைவர்கள் முன்னால் வரிசையாக நிற்பவை எவை? அதே கம்பெனி பாட்டில்கள். மண்பானையும் எவர்சில்வர் டம்ளரும் நம் கூட்டங்களில் இருந்தவைதான். அடுத்த மாநாட்டுக்கு வரவேற்புக் குழு அமைக்கும்போதே இதை முடிவு செய்துவிடலாம். கிளைகள் கிராம சபைகளில் மூன்று கோரிக்கைகளைத் தீர்மானமாக வைக்க வேண்டும்: பேருந்து நிலையம், பள்ளி, சந்தை எங்கும் இலவசப் பொதுக் குடிநீர், கம்பெனி உறிஞ்சும் ஒவ்வொரு லிட்டர் நிலத்தடி நீருக்கும் கட்டணம், விற்ற ஒவ்வொரு பாட்டிலையும் முன்பணத்துடன் திரும்பப் பெறும் கடமை தயாரிப்பாளருக்கு. முதல் தீர்மானம் எந்த ஊராட்சியிலிருந்து வருகிறது?