மோதியவனுக்கு அபராதம், மோதலை விற்றவனுக்கு?

அமெரிக்காவில் கால்பந்து என்று சொல்வது நம் பிள்ளைகள் மைதானத்தில் உதைத்து ஆடும் ஆட்டமல்ல. முட்டை வடிவப் பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஒருவன் ஓட, எதிரணியார் பாய்ந்து அவனைத் தரையில் சாய்க்க வேண்டும். மோதல்தான் அங்கே ஆட்டம். 1905ல் ஆட்டத்தில் பல இளைஞர்கள் மாண்டுபோகவே, ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட்டே கல்லூரிக்காரர்களைக் கூப்பிட்டுப் பேச நேர்ந்தது. மறு ஆண்டு விதிகளை மாற்றினார்கள். அது கல்லூரி ஆட்டம். பின்னாளில் கூலிக்கு ஆடும் லீக் பெரும் வியாபாரமாக வளர்ந்தது.

1978 ஆகஸ்டு 12ந் தேதி. ஓக்லண்டு நகரில் ஓர் ஆட்டம். டாரில் ஸ்டிங்லி என்ற 26 வயது ஆட்டக்காரர் பந்தைப் பிடிக்க இரு கைகளையும் நீட்டி எம்பினார். பந்து எட்டவில்லை. எதிரே ஓடி வந்த ஜாக் டேட்டம் இடித்தார். கழுத்து முறிந்தது. கை கால் விழுந்து, சக்கர நாற்காலியிலேயே 29 ஆண்டு கழித்து, 2007ல் காலமானார். பருவம் துவங்குமுன் நடந்த, புள்ளிக் கணக்கில் சேராத ஒத்திகை ஆட்டம் அது! அந்த இடிக்கு நடுவர் தண்டனை ஏதும் விதிக்கவில்லை. அன்றைய விதிப்படி அது குற்றமே அல்ல.

இன்று விதி இருக்கிறது. பந்தை எறிந்துகொண்டிருப்பவர், பந்தைப் பிடித்தும் இன்னும் காலூன்றாதவர், அண்ணாந்து பந்துக்காகக் காத்து நிற்பவர் போன்றோர் "தற்காத்துக்கொள்ள இயலாதவர்கள்". இவர்களைத் தலையிலோ கழுத்திலோ பலமாகத் தாக்கக் கூடாது. தலைக்கவசத்தைத் தாழ்த்தி, கிடா முட்டுவதுபோல முட்டக் கூடாது. மீறினால் அந்த அணிக்கு 15 கஜம் நஷ்டம். முட்டியவருக்கு அபராதமும் உண்டு. 2009, 2010ம் ஆண்டுகளில் இந்த விதியை இறுக்கினார்கள். ஆட்டத்தில் ஆண்மை போயிற்றே என்று சில ரசிகர்கள் புலம்புகிறார்கள். புலம்புகிறவர்களின் கழுத்தா முறிகிறது? நாம் இந்த விதியை முழு மனதோடு வரவேற்கிறோம்.

ஆனால் ஒரு கேள்வி. 2010 அக்டோபரில் பிட்ஸ்பர்க் அணியின் ஜேம்ஸ் ஹாரிசன், கிளீவ்லண்டு அணியின் மசக்வாய் என்பவரை இடித்து வீழ்த்தினார். லீக் அவருக்கு விதித்த அபராதம் 75,000 டாலர். சரி. அதே வாரத்தில், அதே இடியின் புகைப்படத்தை லீகின் இணையக் கடையிலே காசுக்கு விற்றுக்கொண்டிருந்தார்கள்! ஊர் சிரித்த பிறகுதான் எடுத்தார்கள். வெளிக் காண்ட்ராக்டரின் தவறாம். காண்ட்ராக்டர் தலையில் பழியைப் போட எந்த முதலாளிக்குத்தான் தெரியாது! பெல்ட்டில் கை சிக்கினால் "தொழிலாளியின் அஜாக்கிரதை" என்று எழுதுகிற மேனேஜரைப் பார்த்த தோழர்களுக்கு இது புதிதல்ல.

உடம்பைக் காத்த பெரிய ஷரத்து ஒன்று அபராதப் புத்தகத்திலிருந்து வரவில்லை. 2011ல் முதலாளிகள் நான்கு மாதத்துக்கு மேல் கதவடைப்புச் செய்தார்கள். அதன் முடிவில் ஆட்டக்காரர் யூனியன் கண்ட ஒப்பந்தத்தில்தான், பருவம் முழுவதிலும் கவசமணிந்து மோதும் பயிற்சி 14 நாளுக்கு மேல் கூடாது என்று எழுதப்பட்டது. அதற்கு முன் பயிற்சியில் பட்ட இடிகளை யார் எண்ணினார்கள்?

மூளை கலங்கி ஓய்வு பெற்றவர்களுக்கு நஷ்ட ஈடு தர லீக் ஒப்புக்கொண்டது. அதிலும் ஓர் அநியாயம். கறுப்பர்களின் அறிவுத்திறன் ஆரம்பத்திலேயே குறைவு என்று வைத்துக்கொண்டு கணக்குப் போட்டார்கள்! அப்படிப் போட்டால் இழப்புச் சிறிதாகத் தெரியும், பணம் மிச்சம். அம்பலமான பிறகு, 2021ல்தான் அதைக் கைவிடுவதாகச் சொன்னார்கள்.

அதே 2021லிருந்து பருவத்துக்கு 16 ஆட்டம் என்றிருந்தது 17 ஆயிற்று. தலை காக்க விதி போட்டவர்களே இன்னோர் ஆட்டத்தின் இடிகளையும் சேர்த்து வைத்தார்கள். அதற்கு வழிவிட்ட ஒப்பந்தம் முந்தைய ஆண்டு ஆட்டக்காரர்களிடம் வாக்கெடுப்புக்கு வந்தது. ஆதரவு 1,019, எதிர்ப்பு 959.