அலட்டிக்கொள்ளாமை என்னும் அணிகலன்

அலட்டிக்கொள்ளாத மனிதரை எல்லோருக்கும் பிடிக்கின்றது. யாழ்ப்பாணத்தில் அத்தகையவரை ‘என்ன நடந்தாலும் ஆள் பதறாது’ என்று ஒரு மரியாதையோடு சொல்வார்கள். எமது விமர்சகர்கள் சிலர் இதே அளவுகோலால் எழுத்தையும் அளக்கத் தொடங்கியுள்ளனர். வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களைப் பற்றி ஒரு கதையோ கவிதையோ வந்தால், அது என்ன சொல்கின்றது என்று பார்ப்பதற்கு முன்பே, ‘குரலை உயர்த்தாமல் சொல்லியிருக்கின்றார்’ என்று சிலாகிக்கின்றனர். குரல் சற்று உயர்ந்துவிட்டால் அது புலம்பல். இன்னும் கொஞ்சம் உயர்ந்தால் பிரசாரம். இந்த இரசனையோடுதான் எனக்கு வழக்கு.

அந்தக் கவர்ச்சி பொய்யென்று நான் சொல்லவில்லை. பதறாதவர் பக்கத்தில் இருந்தால் எமது பயமும் குறைகின்றது. முழங்கால் உடைந்த பிள்ளை அழாமல் எழுந்து நின்றால் ஆசிரியருக்கு ஆறுதல்தான். ஆனால், பள்ளிக்கூடத்தில் காலம் கழித்தவர்களுக்கு இன்னொன்றும் தெரியும். அழாத பிள்ளையின் காயத்தைத்தான் நாம் கடைசியில் பார்க்கின்றோம்.

இத்தாலியரான கஸ்திலியோனே 1528இல் வெளியிட்ட ‘அரசவையாளன்’ என்ற நூல், எதையும் சிரமமின்றிச் செய்வதுபோலக் காட்டுவதை ஒரு கலையாகவே வகுத்தது. யாருக்காக? பிரபுவின் அவையில் ஏற்கனவே இடம் பிடித்தவனுக்காக. சாவதானமாகச் சாய்ந்து நிற்பதற்கு முதலில் ஒரு சுவர் வேண்டும். சுவரையே பறிகொடுத்தவர்களிடம் அந்த ஒயிலை எதிர்பார்ப்பது என்ன நியாயம்?

1990 ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாண முஸ்லிம்கள் ஒலிபெருக்கி மூலம் ஒஸ்மானியாக் கல்லூரி மைதானத்துக்கு அழைக்கப்பட்டனர். இரண்டு மணி நேரத்தில் வெளியேற வேண்டுமென்று விடுதலைப் புலிகள் அறிவித்தனர். சோனகத் தெருவும் ஐந்து சந்தியும் அன்றே வெறிச்சோடின. போகும் வழியில் நகையும் பணமும் பறிக்கப்பட்டன. சாவகச்சேரி முஸ்லிம்கள் அதற்கு முன்னரே துரத்தப்பட்டிருந்தனர். அந்த ஒக்டோபரில் வட மாகாணம் முழுவதிலிருந்தும் ஏறத்தாழ 75,000 பேர் வெளியேற்றப்பட்டனர்.

‘ஒரு கல்லும் எறியாமல் அமைதியாகப் போனார்கள்’ என்று இன்று இதைப் புகழ்ச்சியாகச் சொல்பவர்கள் உள்ளனர். மைதானத்தில் ஏன் என்று கேட்டவர்களும் இருந்தார்கள். கட்டளைக்குப் பணியுங்கள் என்பதே அவர்களுக்குக் கிடைத்த மறுமொழி. துப்பாக்கிக்கு முன்னால் அடங்கிப்போன குரலை அந்தச் சனங்களின் பிறவிக் குணமாக எழுதிவைத்தால், துப்பாக்கி கதையிலிருந்து காணாமற் போய்விடுகின்றது. இந்தப் புகழ்ச்சியால் யாருக்கு இலாபம் என்பதை வாசகர்களே யோசித்துக்கொள்ளலாம்.

நிதானத்துக்கு இன்னொரு முகமும் உண்டு. 2002 ஏப்ரல் 10ஆம் திகதி கிளிநொச்சியில் நடந்த பத்திரிகையாளர் மாநாட்டில் அன்ரன் பாலசிங்கம் வெளியேற்றத்துக்கு வருத்தம் தெரிவித்தார். பழைய தவறுகளை மறப்போம், மன்னிப்போம் என்ற தொனியில் பேசினார். வருத்தம் தெரிவித்ததை நான் குறைத்து மதிப்பிடவில்லை. எனினும், எத்தனை வீடு, எத்தனை கடை, எவ்வளவு நகை என்ற கணக்கு எடுக்கப்படுவதற்கு முன்னரே மறதி கேட்கப்பட்டது. இழைத்த தரப்புக்கு நிதானம் இலவசமாகக் கிடைக்கின்றது. அதன் விலையை இழந்தவனே கட்டுகின்றான்.

‘அடங்கிய குரலில் பெரிய கவிதை எழுதப்படவில்லையா?’ என்று கேட்பார்கள். எழுதப்பட்டிருக்கின்றது. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் ஏறத்தாழ 97,000 நூல்களோடு எரிக்கப்பட்டபோது, கல்முனையைச் சேர்ந்த எம்.ஏ. நுஃமான் ‘புத்தரின் படுகொலை’யை எழுதினார். கண்ட கனவொன்றைச் சொல்வதுபோன்ற குரல்தான் அது. ஆனால், கொன்றவர்கள் யார், உடல் கிடந்த இடம் எது, எவை எரிந்தன என்பதையெல்லாம் அந்தக் குரல் மறைக்கவில்லை. அடக்கம் அங்கே கோபத்தைச் சுமந்து நிற்கின்றது. இன்று நாம் கைதட்டும் பல பக்கங்களிலோ, சுமப்பதற்கு எதுவுமே இல்லை. ஊரின் பெயர் இல்லை, திகதி இல்லை, செய்தவன் பெயர் இல்லை. மழையும் பழைய வீட்டின் வாசனையும் மட்டும் இருக்கின்றன. அதற்கு நாம் இட்ட பெயர் முதிர்ச்சி.

இதைவிட மோசமானது, இந்த அலட்டிக்கொள்ளாமைக்கு ‘ஸப்ர்’ என்று பெயர் சூட்டுவது. மகன் இப்றாஹீம் மரணப் படுக்கையில் கிடந்தபோது நபி (ஸல்) அவர்கள் கண்ணீர் விட்டார்கள், ‘தாங்களுமா?’ என்று தோழர் வியந்தபோது அதனை இரக்கம் என்றார்கள். பொறுமைக்கு உதாரணமாகச் சொல்லப்படும் நபி யஃகூப் (அலை) அவர்களின் கண்கள் மகனைப் பிரிந்த துயரத்தால் வெளுத்துப்போயின. தீய சொல்லைப் பகிரங்கமாகச் சொல்வதை விரும்பாத அல்குர்ஆன், அநீதிக்கு உள்ளானவருக்கு மாத்திரம் அதில் விலக்கு அளிக்கின்றது. மார்க்கம் தந்த அந்த விலக்கை இலக்கிய இரசனையின் பெயரால் பறிப்பதற்கு எமக்கு அதிகாரம் தந்தது யார்?

இது வெறும் இலக்கியச் சண்டை அல்ல. 2009இல் போர் முடிந்த பின்னர், புத்தளத்திலும் கல்பிட்டியிலும் 19 வருடங்களைக் கழித்தவர்கள் ‘பழைய இடம்பெயர்ந்தோர்’ என்ற பட்டியலில் வைக்கப்பட்டனர். முன்னுரிமை புதிதாக இடம்பெயர்ந்தோருக்குக் கிடைத்தது. முள்ளிவாய்க்காலில் இருந்து தப்பி வந்தவர்களின் தேவை அவசரமானது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால், பழையது என்ற சொல்லுக்குள் ‘இவர்கள் பழகிவிட்டார்கள், அவசரமில்லை’ என்ற எண்ணம் ஒளிந்திருந்தது. நாம் எழுதிய நிதானமான கதைகள் அந்த எண்ணத்துக்குத் துணைபோயின என்றே நான் கருதுகின்றேன். அலுவலகத்தில் பதறாதவரின் கோப்பு அடியில்தான் கிடக்கும்.

வெளியேற்றம் பற்றி ஆராய்ந்த குடிமக்கள் ஆணைக்குழு 2011இல் தனது அறிக்கையை வெளியிட்டது. சட்டத்தரணிகளும் ஆய்வாளர்களும் உட்கார்ந்து சனங்களிடம் கேட்டு எழுதியதை, சொந்தமாக மொழி வைத்திருக்கும் நாம் ஏன் செய்யக்கூடாது? யாழ்ப்பாணத்தின் இரும்புக்கடை, தையற்கடை, நகைக்கடை வாழ்க்கையை நேரில் அறிந்த தலைமுறை மௌத்தாகிக்கொண்டிருக்கின்றது. அவர்களிடம் போய் உட்காருங்கள். எந்த ஒழுங்கையில் வீடு இருந்தது, காணி உறுதி எங்கே போனது, எந்தச் சந்தியில் யார் காதுத் தோட்டைக் கழற்றச் சொன்னது என்று கேளுங்கள். சொல்லும்போது அவர்கள் குரல் உடைந்தால், உடைந்தபடியே எழுதுங்கள். அது அழகாக இருக்கின்றதா என்பதைப் பிறகு பார்த்துக்கொள்வோம்.