முள்ளிவாய்க்கால்: எண்கள் எப்படி வந்தன?

1986 ஜூன் 10 அன்று மண்டைதீவுக் கடலில் கொல்லப்பட்ட மீனவர்கள் 31 பேர். குருநகரில் இந்த எண்ணைப் பற்றி யாரும் வாதிடுவதில்லை. எவர் கரை திரும்பவில்லை என்று சொல்ல வீடுகளில் ஆட்கள் இருந்தார்கள்.

முள்ளிவாய்க்காலில் பல வீடுகளில் அப்படிச் சொல்ல ஒருவரும் மிஞ்சவில்லை. அதனால்தான் ஒவ்வொரு மே மாதமும் வெவ்வேறு எண்கள் மோதுகின்றன. அவை ஒரே வழியில் வந்தவையும் அல்ல.

146,679 என்பது கழித்தல் கணக்கு. 2008 ஒக்டோபரில் கச்சேரித் தரவின்படி வன்னியில் இருந்தவர்கள் 429,059 பேர். 2009 ஜூலை 10 வரை அரச கட்டுப்பாட்டுக்குள் வந்தவர்கள் 282,380 பேர். மிகுதிப் பேருக்கு என்ன நடந்தது என்று ஆயர் இராயப்பு யோசேப்பு 2011 ஜனவரியில் நல்லிணக்க ஆணைக்குழுவிடம் கேட்டார். அதை இறந்தோர் தொகையென்று எழுதுவது நாம் செய்யும் தவறு. அவர் கேட்டது கேள்வி.

ஐநா நிபுணர் குழுவின் 2011 அறிக்கை வேறொரு வழியையும் காட்டுகிறது. போரின் இறுதிக் கட்டத்தில் ஏறத்தாழ 40,000 அறுவைச் சிகிச்சைகள் நடந்தன. (40,000 வரையான இறப்புகள் என்று அதே அறிக்கை சொல்வது வேறு எண், இரண்டையும் குழப்பக்கூடாது.) ஒருவர் இறந்தால் இருவரோ மூவரோ காயப்படுவர் என்ற விகிதத்தைப் பிரயோகித்தால் 13,000 முதல் 20,000 வரை வரும். ஐநா அலுவலர்கள் 2009 மே 13 வரை பதிந்த 7,721 இறப்புகளும் 18,479 காயங்களும்கூட 1:2.4 என்ற விகிதத்தையே தருகின்றன.

ஆனால் சிக்கல் விகிதத்திலேயே இருக்கிறது. ஒருவருக்கே இரண்டு மூன்று சத்திரசிகிச்சை நடந்திருந்தால் காயப்பட்டோர் தொகை குறையும். மறுபுறம், ஆஸ்பத்திரிக் கணக்கில் இருப்பவர்கள் உயிரோடு அங்கு போய்ச் சேர்ந்தவர்கள் மட்டுமே. மருந்தும் இரத்தமும் இல்லாத பதுங்குகுழியில் காயப்பட்டவர் அங்கேயே இறந்தார். அப்படியான இடத்தில் ஒரு இறப்புக்கு இரண்டு காயம் என்ற கணக்கே நிற்காது.

பெயர்ப் பட்டியல்கள் இதைவிட உறுதியானவை. குருநகர்க் கடலேரியில் 100 நண்டுக்கு அடையாளமிட்டு விடுகிறோம் என்று வையுங்கள். பிறகு பிடித்த 100 இல் 20 அடையாளத்தோடு வந்தால், முதலில் பிடித்தது மொத்தத்தில் ஐந்திலொன்று. எனவே மொத்தம் சுமார் 500. 2018 டிசம்பரில் பற்றிக் போலும் பிரான்சிஸ் ஹரிசனும் 2009 மே 17 முதல் 19 வரை காணாமல் ஆக்கப்பட்டோர் விடயத்தில் இதே தர்க்கத்தைப் பின்பற்றினர். பல பட்டியல்களை ஒப்பிட்டபோது 443 பெயர்கள் கிடைத்தன. மொத்தம் சுமார் 503 என்று மதிப்பிட்டனர். அதாவது 60 பேர் எந்தப் பட்டியலிலும் இல்லை.

ஒரு பட்டியலில் பெயர் கொடுத்த குடும்பமே மற்றதிலும் கொடுக்கும். அடியோடு அழிந்த குடும்பம் எதிலும் வராது. எனவே இந்த மதிப்பீடும் குறைவாக இருக்கவே இடமுண்டு.

“எத்தனை தரம்தான் எழுதிக் கொடுக்கிறது?” என்று அம்மாமார் சலிப்பது நியாயம். ஆனால் பட்டியல்களைத் தொகுப்போர் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: ஒரே பெயர் இரண்டு இடத்தில் இருக்கிறதென்று ஒன்றை வெட்டி எறிந்து, இரண்டையும் ஒரே கோப்பாக்காதீர்கள். எந்தப் பட்டியல், யார் எடுத்தது, எப்போது எடுத்தது என்று தனித்தனியே வையுங்கள். கணக்குப் போட வேண்டியது அந்த இரட்டிப்பை வைத்துத்தான்.