போட்டது யார், பொறுக்குவது யார்?

கொடைக்கானலைக் காப்பாற்ற வேண்டும் என்று எல்லாரும் பேசுகிறார்கள். நல்லது, காப்பாற்றட்டும். ஆனால் ஒரு கேள்வியை மட்டும் லேசில் யாரும் கேட்பதில்லை. ஏரிக்கரையிலும் தூண்பாறையிலும் குடித்துவிட்டு வீசிய தண்ணீர் பாட்டிலைக் குனிந்து எடுப்பது யார்? அந்த முதுகு எந்தச் சாதியின் முதுகு?

நான் கேட்கக் காரணம் இருக்கிறது. எங்க சின்னம்மா அந்த மலையில் ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளி. காலை ஐந்து மணிக்கு, பனி இறங்குகிற நேரத்தில், சாக்கும் கையுமாய் ரோட்டில் நிற்கும். கையுறை எங்கே என்று கேட்டால் சிரிக்கும்.

"குடுத்தாங்க, கிழிஞ்சிருச்சு. திரும்பக் கேட்டா நாளைக்கு வேலைக்கு வர வேணாங்கிறான். பாட்டில்ல தண்ணி மட்டுந்தான் இருக்கும்னு நினைக்கிறியா? வண்டிய நிறுத்தக்கூட மனசில்லாம உள்ளயே மூத்திரம் பேஞ்சு, மூடியப் போட்டு எறியிறானுங்க. நசுக்கிக் கட்டணும்னா மூடியத் திறக்கணும்ல? எங்க கையிலதான் ஊத்தும்."

மனிதக் கழிவை மனிதர் கையால் அள்ள வைக்கக் கூடாது என்று 1993லும் 2013லும் சட்டம் போட்டார்கள். கழிவு பாட்டிலுக்குள் இருந்தால் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியாது போலிருக்கிறது.

அரசு சும்மா இல்லை என்பார்கள். சரி, பார்ப்போம். 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் 14 வகை பிளாஸ்டிக்குக்குத் தடை வந்தது. தண்ணீர் பாக்கெட் அந்தப் பட்டியலில் இருந்தது, தண்ணீர் பாட்டில் இல்லை. 2022 ஜூலை 1இல் வந்த ஒன்றிய அரசின் தடையிலும் பாட்டில் இல்லை. பாக்கெட் தண்ணீர் குடித்தது யார்? சில்லறைக் காசுக்கு வாங்கிக் கடித்துக் குடித்த கூலிக்காரன். பாட்டிலுக்குப் பின்னால் இருப்பது யார்? பெரிய கம்பெனிகள். முதல் அடி எங்கே விழுகிறது என்று புரிகிறதா?

நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் உயர் நீதிமன்றம் தலையிட்ட பிறகுதான் பாட்டிலுக்கும் கட்டுப்பாடு வந்தது. 2024 ஜூனில், கொடைக்கானலுக்குள் வரும் 5 லிட்டருக்குக் குறைந்த ஒவ்வொரு பிளாஸ்டிக் பாட்டிலுக்கும் 20 ரூபாய் பசுமை வரி என்று மாவட்ட நிர்வாகம் அறிவித்தது.

இந்தக் கணக்கைக் கொஞ்சம் போட்டுப் பாருங்கள். ஒரு லிட்டர் பாட்டிலின் எடை 20, 25 கிராம்தான். ஒரு கிலோ சேர 40, 50 பாட்டில் பொறுக்க வேண்டும். 40 பாட்டிலுக்கு வரி 800 ரூபாய். அதே 40 பாட்டிலைப் பொறுக்கிப் பழைய பொருள் கடையில் எடை போட்டால் சின்னம்மாவுக்குக் கிடைப்பது ஒன்றிரண்டு பாட்டிலின் வரிப் பணம்தான். பசுமை வரியில் அதைக் குனிந்து எடுக்கிறவளுக்கு எத்தனை பைசா?

பாட்டில் மக்காது. வெயிலில் வெளிறி, நொறுங்கி, பொடிப்பொடியாகி மண்ணிலும் நீரிலும் கலக்கும். காட்டுமாடு குப்பையோடு சேர்த்துத் தின்னும். பழனி மலையின் தெற்கே மஞ்சளாறும் வராக நதியும் இறங்குகின்றன, வடக்கே பாலாறும் பொருந்தலாறும். மேலே வீசியது மழையோடு கீழே வரும். கடைமடையில் அதைக் குடிப்பது யார் சேரி?

கழிவு கடைசியில் யார் தலையில் விழும் என்பதை இந்த மலை முன்பே காட்டியிருக்கிறது. 2001இல் மூஞ்சிக்கல் பழைய பொருள் கடையில் பாதரசம் கலந்த உடைந்த கண்ணாடி 7.4 டன் கிடந்தது வெளியே வந்தது. இந்துஸ்தான் லீவரின் வெப்பமானித் தொழிற்சாலைக் கழிவு அது. ஆலை மூடப்பட்டது. முன்னாள் தொழிலாளர்கள் 591 பேரோடு நிறுவனம் உடன்பாட்டுக்கு வர 2016 ஆயிற்று. விஷத்தை முதலில் தொட்டது தொழிலாளியின் கையும் பழைய பொருள் எடுக்கிறவன் கையும்தான்.

தூக்கி எறிகிறவன் கவலையில்லாமல் எறிகிறானே, அந்தத் தைரியம் எங்கிருந்து வருகிறது? எடுக்க ஒரு சாதி இருக்கிறது என்கிற நம்பிக்கையிலிருந்து வருகிறது. டீக்கடையில் தனிக்குவளையை எதிர்த்துப் போராடினோம். பல ஊர்களில் குவளை போனது, நமக்கு மட்டும் தூக்கி எறிகிற கப்பு வந்தது. தீண்டாமைக்கே பிளாஸ்டிக்கைக் கண்டுபிடித்துக் கொண்ட சமூகம் இது. இதன் குப்பையைச் சாதியை விட்டுவிட்டுப் பேச முடியுமா?

1927இல் மகாடு சவுதார் குளத்தில் அம்பேத்கர் தண்ணீரை அள்ளிக் குடித்தது தாகத்துக்காக அல்ல. பொதுத் தண்ணீர் எல்லாருக்கும் பொது என்று நிலைநாட்ட. பொதுக்குழாயைச் சாகவிட்டு மூடி போட்ட தண்ணீரைக் காசுக்கு விற்பது அந்தப் பொதுவையே கொல்வது. காசிருந்தால் குடி, இல்லையென்றால் கிட.

சூழலியல் நண்பர்களே, ஞாயிற்றுக்கிழமை கையுறை மாட்டிக் குப்பை பொறுக்கிப் படம் எடுக்கிறீர்கள். உங்களைக் குறை சொல்லவில்லை. ஆனால் நீங்கள் ஒரு நாள் குனிந்தால் அது செய்தி, சின்னம்மா முப்பது வருசம் குனிந்தால் அது 'அவங்க வேலை'. இந்த வித்தியாசத்தைப் பேசாத பசுமை எங்களுக்குப் பசுமை இல்லை.

நாங்கள் கேட்பது பெரிய விஷயம் ஒன்றுமில்லை. சுற்றுலா இடம் ஒவ்வொன்றிலும் காசில்லாமல் நல்ல குடிநீர் வேண்டும். துப்புரவு வேலையில் ஒப்பந்தம் ஒழிய வேண்டும், வேலை நிரந்தரமாக வேண்டும். வரிப் பணத்தில் தொழிலாளிக்குப் பங்கு வேண்டும். தயாரிக்கிறவனே கழிவுக்கும் பொறுப்பு என்று 2016ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. அப்படியானால் மலைமேல் கிடக்கும் பாட்டிலைக் கம்பெனி தன் செலவில் கீழே இறக்கட்டும். 2022இல் நீலகிரியில் மதுப் பாட்டிலுக்கு 10 ரூபாய் கூடுதலாக வாங்கி, காலி பாட்டிலைக் கொடுத்தால் திருப்பித் தந்தார்கள். சாராய பாட்டிலுக்கு முடிந்தது தண்ணீர் பாட்டிலுக்கு ஏன் முடியாது?

இதையெல்லாம் எழுதப் போகிறேன் என்று சின்னம்மாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னது:

"வரியெல்லாம் போடட்டும்ப்பா. மொதல்ல அவன் பாட்டில அவனே குனிஞ்சு எடுக்கட்டும். அன்னைக்குத் தெரியும், மலை சுத்தமா இல்லையான்னு."