பெரியபட்டினத்துக்கு ஒரு சைக்கிள் சுற்றுலா



ராமேஸ்வரம், தனுஷ்கோடி பார்க்க வருகிறவர்கள் பெரியபட்டினம் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. வழிகாட்டியுடன் சைக்கிள் சுற்றுலா ஒன்றை இங்கே மாவட்ட நிர்வாகம் தொடங்க வேண்டும்.

சிங்கப்பூரில் மகள் வீட்டில் தங்கியிருந்தபோது, கடலோரமாகச் சுமார் 15 கிலோமீட்டர் நீளும் ஈஸ்ட் கோஸ்ட் பூங்காவை அப்படித்தான் பார்த்தேன். முன்னால் போன இளைஞர் ஒரு மரத்தடியில் சைக்கிளை ஸ்டாண்ட் போட்டு நிறுத்தி, "நாம் நிற்கிற இடம் முன்பு கடல், மண் கொட்டி மேடாக்கினார்கள்" என்றார். காரில் போயிருந்தால் எனக்கு அது வெறும் புல்தரைதான்.

நம்மூரில் சொல்ல அதைவிட அதிகம் உண்டு. 14-ஆம் நூற்றாண்டில் பயணி இபின் பதூதா குறிப்பிட்ட 'ஃபத்தன்' துறைமுகம் இதுவே என்று ஆய்வாளர்கள் சிலர் கருதுகிறார்கள். 1980-களில் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் இங்கு அகழாய்வு நடத்தியபோது சீனப் பீங்கான் ஓடுகள் கிடைத்தன. எதிரே 21 தீவுகளோடு விரிவது, 1986-இல் அறிவிக்கப்பட்ட மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்கா. தீவுகளில் இறங்க வேண்டாம். கடற்புல் மேயும் கடற்பசுவைப் பற்றிக் கரையில் நின்று ஒரு மீனவர் சொல்லக் கேட்டாலே போதும்.

இந்தச் சுற்றுலாவுக்காகப் பனைகளை வெட்டிச் சாலையை அகலப்படுத்தக் கூடாது. மணலில் டயர் புதையும் இடங்களில் இறங்கித் தள்ளிக்கொண்டு போகலாம். படித்துவிட்டு வேலையில்லாமல் இருக்கும் நம் பிள்ளைகளுக்கு வழிகாட்டிப் பயிற்சி கொடுங்கள். மழை ஓய்ந்த ஜனவரியில் தொடங்கினால் வெயிலையும் தாங்கலாம்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
பெரியபட்டினம்